முயல் என்று வந்த கறி

கேரியரின் மேல் அடுக்கைத் திறந்ததுமே அவளுக்குத் தெரிந்துவிட்டது. முயல் என்றுதான் அண்ணன் சொல்லியிருந்தான். "காட்டு முயல். தெரிஞ்ச லாரி டிரைவர் ஒருத்தன் குடுத்தான். சூடு ஆறுறதுக்குள்ள மாப்பிள்ளைக்குப் போடு" என்று வாசலிலேயே கேரியரைக் கையில் திணித்துவிட்டு, ஸ்கூட்டரை அணைக்காமலே திரும்பிப் போய்விட்டான். உள்ளே வந்து ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. பொய் சொல்ல வேண்டியிருக்கும்போதெல்லாம் அவனுக்கு எங்கேயோ அவசரமாகப் போகவேண்டியிருக்கும்.

முயலுக்கு எலும்பு சன்னம். சதை வெளுப்பு, வெந்தால் கோழிப் பக்கம் சாயும். இதுவோ கருஞ்சிவப்பு. நெருக்கி நூற்ற நூல் போல இழை, பேருக்குக்கூடக் கொழுப்பில்லை. வனத்துறைக்காரர்கள் பிடித்துக்கொண்டுவரும் இறைச்சி எந்த விலங்கினுடையது என்று சொல்லும் ஆய்வுக்கூடத்தில் அவள் டெக்னீஷியன். பத்தொன்பது வருடங்கள். காட்டுப்பன்றி என்றால் தோலில் மயிர்க்கால்கள் மும்மூன்றாக இருக்கும். முள்ளம்பன்றிக்குத் தோலடியில் விரற்கடைக் கொழுப்பு. உடும்பின் சதை மீனா கோழியா என்று குழப்பும். கௌதாரி, காடை, காட்டுப்புறா எல்லாம் நெஞ்செலும்பைப் பார்த்தாலே பிரித்துவிடலாம். உடும்பு இடுப்பு வலிக்கு, முள்ளம்பன்றி இளைப்புக்கு, வௌவால் இருமலுக்கு என்று ஆளுக்கொரு நோயைச் சொல்லித்தான் எல்லாப் பொட்டலங்களும் வந்துசேரும். தின்று குணமான ஒருவரைக்கூட அவள் பார்த்ததில்லை. பிடிபட்டவர்களின் மிச்சத்தை மட்டுமே பார்த்திருக்கிறாள்.

கணவர் கட்டிலில் தலையணைகளை அண்டக்கொடுத்துச் சாய்ந்திருந்தார். நில அளவையராக ஊர் ஊராக நடந்த மனிதர். இப்போது கட்டிலிலிருந்து குளியலறைக்குப் போக இரண்டு இடங்களில் நின்று மூச்சு வாங்கவேண்டும். வயிற்றில் வந்தது ஈரலுக்கும் போய்விட்டது. போன மாதம் டாக்டர் கோப்பை மூடிவைத்துவிட்டு, "இனிமே அவருக்குப் பிடிச்சத குடுங்கம்மா" என்றார். பிடித்ததென்று எதுவுமே இல்லாமல் போனதுதான் கஷ்டம். சோற்று வாசனை வந்தாலே முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்வார். நான்கு மாதமாகக் கஞ்சி, அதுவும் பாதி.

பத்து நாள் முன்பு அண்ணன் பார்க்க வந்தபோது அவர் சொன்னார்: "மலையில ரோடு அளக்கப் போனப்ப ஒரே ஒரு தடவை மான் கறி சாப்பிட்டேன் மச்சான். அந்த ருசி மட்டும் இன்னும் நாக்குல நிக்குது. மத்ததெல்லாம் அட்டைய மெல்லுற மாதிரி இருக்கு."

"என்னைப் பக்கத்துல வெச்சுக்கிட்டுப் பேசுற பேச்சா இது?" என்று அவள் அதட்டினாள். மூன்று பேரும் சிரித்தார்கள். அவள் மறந்தே போனாள். அண்ணன் மறக்கவில்லை.

தட்டில் இரண்டு துண்டு வைத்து நீட்டினாள். அவர் முகத்தைத் திருப்பவில்லை. ஒன்றை எடுத்து வாயில் போட்டு, கண்ணை மூடி மென்றார். விழுங்கினார். அடுத்ததையும் தின்றார். பிறகு, கல்யாணமான புதிதில் கேட்பாரே, அந்தக் குரலில், "இன்னொரு கரண்டி வை" என்றார்.

வைத்தாள்.

"நீயும் சாப்பிடு. நான் மட்டும் சாப்பிட்டா விருந்தாளி மாதிரி இருக்கு."

அவளும் சாப்பிட்டாள். நான்கு துண்டுகள். இது என்னவென்று இரண்டு பேருமே கேட்டுக்கொள்ளவில்லை. நன்றாகத்தான் இருந்தது.

செவ்வாய்க்கிழமை காலை பதினோரு மணிக்கு வனக்காவலர் சீல் வைத்த பெட்டியோடு வந்தார். வாயை மூடத் தெரியாத மனிதர். ரசீதில் அவள் கையெழுத்துப் போடும்வரை மேசையில் சாய்ந்துகொண்டு பேசிக்கொண்டே இருந்தார்.

"ஃபிரிட்ஜுல அரைக் கிலோ, சட்டியில கொஞ்சம் மிச்சம், குப்பையில எலும்பு. வித்தவன் மாட்டிக்கிட்டான், அவன் போன்லருந்து இந்தாளைப் புடிச்சோம். லாரி மெக்கானிக். பாவம், பாத்தா நல்ல மனுஷன் மாதிரிதான் தெரியுது. ரெண்டு கிலோ வாங்கியிருக்கான், மிச்சம் எங்கடான்னா நானே தின்னுட்டேங்கிறான். மூணு நாள்ல ஒருத்தன் அவ்வளவு திம்பானா மேடம்? எவ்வளவு கேட்டாலும் அதே பதில்தான். நான் ஒருத்தன்தான் தின்னேன், வீட்டுல யாருக்கும் குடுக்கல."

கையெழுத்தை முடித்து ரசீதை நீட்டினாள். அண்ணனும் லாரி மெக்கானிக்தான். அவர் போனபிறகு பெட்டியைத் திறந்தாள். பைகளில் எண் மட்டும்தான் இருக்கும், பெயர் இருக்காது. நாற்பத்தொன்று அ, ஆ, இ. சமைத்த மிச்சம் இருந்த பையை விளக்கடியில் தூக்கிப் பிடித்தாள். மசாலாவுக்கு நடுவே பூண்டு, தோலோடு முழுதாகக் கிடந்தது. அண்ணி பூண்டை உரிக்கவே மாட்டாள். "உரிச்சு என்ன பண்ண, வெந்தா தானே கழண்டுடும்" என்பாள். வேறு எந்த வீட்டிலும் யாரும் அப்படிச் சமைப்பதை இவள் பார்த்ததில்லை.

உறவினர் சம்பந்தப்பட்ட வழக்கென்றால் எழுதிக் கொடுத்துவிட்டு விலகிக்கொள்ளலாம். ஆனால் எண் மட்டுமே போட்ட பை, உன் அண்ணனுடையது என்று உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பார்கள். அந்த மிச்சக் கிலோ எங்கே போனது என்பது அதற்கடுத்த கேள்வி. இன்னொரு வழியும் இருந்தது. ஒப்பிட்டுப் பார்ப்பதற்காக வைத்திருக்கும் வெள்ளாட்டு மாதிரி, குளிர்பெட்டியில் இரண்டாம் தட்டில். அதிலிருந்து ஊசிமுனை அளவு எடுத்து, பையில் வந்த கறிக்குப் பதிலாகச் சோதனைக் குழாயில் போட்டால் நாற்பத்தொன்று ஆடாகிவிடும். ஆட்டுக்கறி தின்றதற்கு யாரையும் உள்ளே வைக்க முடியாது. கையுறை மாட்டிக்கொண்டு வெள்ளாட்டு மாதிரி இருந்த குழாயை எடுத்தாள். விரல்களுக்கு நடுவே, உள்ளே உறைந்திருந்தது உருகத் தொடங்கும்வரை வைத்திருந்தாள்.

மாதிரியில் பாதி எப்போதும் சீலோடு தனியாக இருக்கும். நீதிமன்றம் வேறு ஆய்வுக்கூடத்துக்கு அனுப்பினால் அங்கே மான் என்று வரும். அப்போது அண்ணனோடு அவளும் போவாள். கட்டிலில் கிடப்பவருக்கு யார்? குழாயைத் திரும்ப வைத்துவிட்டாள். இத்தனை வருட நேர்மை என்று தனக்குள் சொல்லிப் பார்த்தாள். அது பயம்தான் என்பதும் தெரிந்தது.

மறுநாள் மத்தியானம் முடிவு வந்தது. எவ்வளவு வேகவைத்தாலும் முழுதாக அழியாத மரபணு இழை சதைக்குள் இருக்கிறது. அதைப் பிரித்துப் பெருக்கி ஊதா வெளிச்சத்தில் பார்த்தால் கோடுகளாகத் தெரியும். மூன்று கோடுகளும் மானுக்கு நேராக வந்து நின்றன. அறிக்கையைத் தட்டச்சு செய்து தலைமை விஞ்ஞானியிடம் கொண்டுபோனாள். சிப்பந்திகள் அவருக்கு வைத்திருந்த பெயர் பூதக்கண்ணாடி. எதையும் கிட்டத்தில் வைத்துப் பார்க்கிறவர். இதை மட்டும் பார்க்கவில்லை. "நீ பாத்தா நான் பாத்த மாதிரிம்மா" என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.

அன்று சாயங்காலம் அண்ணி வந்தாள். தலைகூடச் சரியாக வாரியிருக்கவில்லை. கூடத்து நாற்காலியின் நுனியில் உட்கார்ந்துகொண்டு, உள் அறைக்குக் கேட்காத குரலில் பேசினாள்.

"ஜாமீன் குடுக்கலடி. உங்க ஆபீஸ்ல இருந்து ரிசல்ட் வரணுமாம். அதுல மான் இல்லன்னு வந்துட்டா விட்டுருவாங்கன்னு வக்கீல் சொல்றாரு. நீ அங்கதானே இருக்க. யாரு பாக்குறாங்களோ அவங்க கையக் காலப் புடிச்சாவது..."

"ரிசல்ட் போயிடுச்சு அண்ணி."

"என்னன்னு?"

"மான்னுதான்."

"யாரு பண்ணாங்க?"



"நான்தான்."

அண்ணி அழவில்லை, திட்டவுமில்லை. இவள் முகத்தையே பார்த்தாள், ஏதோ கடையில் இது நாம் கேட்ட சாமான்தானா என்று புரட்டிப் பார்ப்பதுபோல. அப்போது உள்ளேயிருந்து குரல் வந்தது. "யாரு, உன் அண்ணியா? மச்சான் ஏதாவது குடுத்து விட்டாரா?"

அண்ணி எழுந்தாள். கதவுவரை போனவள் திரும்பி, "அடுத்த வாரம் குடுத்து விடுவாரு தம்பி" என்று உரக்கச் சொல்லிவிட்டுப் போனாள். அதற்குப் பிறகு அவள் அந்த வீட்டுக்கு வரவில்லை.

சிறையில் பார்க்க அனுமதி கிடைக்க இரண்டு வாரமாயிற்று. இரட்டைக் கம்பிவலை, நடுவில் ஒரு முழம் இடைவெளி. இந்தப் பக்கம் இருபது பேர், அந்தப் பக்கம் இருபது பேர். எல்லோரும் ஒரே நேரத்தில் கத்திக்கொண்டிருந்தார்கள். அண்ணனுக்குக் கன்னம் ஒட்டிப்போயிருந்தது. எத்தனை தேய்த்தாலும் போகாத கிரீஸ் கறை நகக்கண்களிலிருந்து போயிருந்தது. அவன் கையை அவ்வளவு சுத்தமாக அவள் பார்த்ததே இல்லை.

"மாப்பிள்ளை எப்படி இருக்காரு? அன்னிக்குச் சாப்பிட்டாரா?"

"ரெண்டாவது தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டாரு."

அவன் முகம் மலர்ந்தது. "அப்பாடா. அது போதும்." வலையை இன்னும் நெருங்கி வந்தான். "நீ வேலையத்தானே பாத்த, எனக்கு ஒண்ணும் கோபமில்ல. உங்க அண்ணிதான் கத்துறா. மூணு வருஷம்னு வக்கீல் சொல்றாரு, கொஞ்சம் கொறையலாமாம். ஒண்ணே ஒண்ணு. முயல்னு சொல்லிக் குடுத்தேனே, உனக்குத் தெரியாம இருக்கணும்னுதான் சொன்னேன். லேப்புக்கு வந்தப்பதான் தெரிஞ்சுதா?"

ஆமாம் என்று சொல்லியிருக்கலாம். பக்கத்தில் ஒரு கிழவர் தன் மகனிடம் ஆடு எத்தனை குட்டி போட்டது என்று கத்திக்கொண்டிருந்தார்.

"மூடியத் திறந்தப்பவே தெரியும்."

"தெரிஞ்சேதான் குடுத்தியா?"

"ம்."

"நீயும் சாப்பிட்டியா?"

"சாப்பிட்டேன்."

அண்ணன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். "அப்ப நீயும்..." என்றான். வலையிலிருந்து கைகளை எடுத்துவிட்டுத் தன் சுத்தமான விரல்களைப் பார்த்துக்கொண்டு நின்றான். மணி அடித்தது. மற்றவர்கள் எல்லோரும் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார்கள். அவன் நேராகப் போனான்.

வீட்டில் கஞ்சியும் நின்றுபோயிற்று. மூன்று நாளாக வெறும் தண்ணீர்தான்; அதையும் பஞ்சில் நனைத்துத் தரவேண்டியிருந்தது. மச்சான் ஏன் வரவில்லை என்று அவர் கேட்பதில்லை. வேலை அதிகம் என்று அவளாகச் சொன்னதைக் கேட்டுக்கொண்டார். வியாழக்கிழமை காலையில் கண் விழித்து, "அந்தக் கறி ஒரு துண்டு கெடைச்சா" என்றார்; பிறகு, கேட்டிருக்கக் கூடாதோ என்பதுபோல அவளைப் பார்த்தார்.

கடையில் இளம் வெள்ளாட்டின் தொடையாகப் பார்த்து வாங்கினாள். கொழுப்பை இழை விடாமல் சீவி எறிந்தாள். கறுக்கும்வரை வதக்கி, பஞ்சாக வேகவைத்தாள். ஒரே ஒரு துண்டைத் தட்டின் நடுவில் வைத்துக் கொண்டுபோய், "அண்ணன் குடுத்து விட்டான்" என்றாள்.

அவர் தானே எடுத்துக்கொள்ள முயன்றார். துண்டு விரலில் நிற்கவில்லை. அவள் கிள்ளி வாயில் வைத்தாள். கண்ணை மூடிக்கொண்டார். கன்னத்தில் தாடை எலும்பு மெல்ல எழும்பி இறங்கியது.

"எப்படி இருக்கு?"

"அதேதான்" என்றார்.

ஜன்னல் வழியாகக் காலை வெயில் அவர் முழங்காலில் விழுந்திருந்தது. அவர் மென்றுகொண்டே இருந்தார். விழுங்கவில்லை. அவள் வலது உள்ளங்கையைக் குவித்து அவர் மோவாய்க்குக் கீழே பிடித்தபடி குனிந்து நின்றாள். வெயில் முழங்காலிலிருந்து நகர்ந்து தரைக்கு இறங்கிவிட்டது. அவர் இன்னும் மென்றுகொண்டிருந்தார்.