தப்புக்குச் சொந்தக்காரி

கண்ணாடிப் பெட்டிக்குப் பக்கத்தில் ஒட்டியிருந்த அட்டையை மூன்றாம் தடவை படித்தபோது என் மூக்கிலிருந்து புகை வந்தது. யாரும் தீயணைப்பு வண்டியைக் கூப்பிடாதது ஆச்சரியம்தான்.

‘பாடலின் நடுவே தாளம் சட்டென்று இடறுகிறது. டிரம்மரின் துணிச்சலான கற்பனை.’

கற்பனையாம்! அது என் பிளேடு செய்த வேலை.

இந்த ராக் இசைக்குழு அருங்காட்சியகம் முன்பு ரெக்கார்டிங் ஸ்டூடியோவாக இருந்தது. இருபத்தாறு வருஷம் இதே அறையில் டேப் வெட்டி ஒட்டினேன். வெட்டிய டேப்பை நீட்டினால் பூமியை இரண்டு சுற்று சுற்றலாம். மூன்றாவது சுற்றுக்குக் கொஞ்சம் குறையும். டேப் மெஷினின் இரண்டு சக்கரங்களையும் கையால் முன்னும் பின்னும் உருட்டி, அடி விழும் இடத்தைக் காதால் பிடித்து, வெள்ளைப் பென்சிலால் கோடு போட்டு, சாய்வாக ஒரு வெட்டு. அன்றைக்கு ஒரு கோடு போட்டேன். மனசு மாறிப் பக்கத்தில் இன்னொன்று போட்டேன். பழைய கோட்டை அழிக்க மறந்து அதிலேயே வெட்டிவிட்டேன். தாளத்தில் ஓர் அடி குப்பைத்தொட்டிக்குப் போய்விட்டது. “என் அடியை முழுங்கிட்டியே” என்று டிரம்மர் மூன்று நாள் என்னோடு பேசவில்லை. பாட்டு வெளிவந்ததும் சரியாக அந்த இடத்தில் உலகத்தில் பாதிப்பேர் துள்ளிக் குதித்தார்கள். மீதிப்பேருக்குக் கால்வலி. அதற்குப் பிறகுதான் அது டிரம்மரின் கற்பனையானது.

கழுத்தில் அடையாள அட்டை தொங்க, பொறுப்பாளர் வந்தார்.

“இதைக் கழட்டிட்டு உண்மையை எழுதுங்க தம்பி. வெட்டினது நான்.”

“இசைக்குழு கொடுத்த தகவல்மா இது. உங்ககிட்ட ஆதாரம் இருக்கா?”

“இருந்துச்சு. அன்னைக்கே குப்பையோட கூட்டிட்டுப் போயிட்டாங்க.”

கூட வந்திருந்த என் நாத்தனார் முந்தானையைப் பிடித்து இழுத்தாள். “அண்ணி, தப்பு பண்ணவங்க வாயை மூடிக்கிட்டு இருப்பாங்க. நீங்க என்னன்னா பேரைப் போடச் சொல்லிச் சண்டைக்கு நிக்கிறீங்க!”

“அவங்க பண்ணின நல்லதையெல்லாம் அவங்களே வெச்சுக்கட்டும். என் தப்பு எனக்கு வேணும்.”

பொறுப்பாளர் சமாதானத்துக்கு வந்தார். “வாசல்ல நன்றிப் பலகை இருக்கும்மா. ‘ஸ்டூடியோ ஊழியர்கள்’னு போட்டிருக்கு. அதுல நீங்களும் அடக்கம்.”

“அடக்கமா? எங்க அண்ணியா?” என்று நாத்தனார் சிரித்தாள்.

நான் குறுக்கே கட்டியிருந்த கயிற்றைத் தாண்டினேன். முழங்கால் போட்ட சத்தம் அடுத்த தெருவரைக்கும் கேட்டிருக்கும். டேப் மெஷினுக்கு முன்னால் இருந்த நாற்காலியில் உட்கார்ந்தேன். பாவிகள், பளபளப்பான பக்கம், பாட்டைப் படிக்கும் ஹெட்டைப் பார்க்கும்படி டேப்பை மாட்டியிருந்தார்கள். அப்படி மாட்டினால் பாட்டு கிணற்றுக்குள்ளிருந்து வரும். இரண்டே நிமிஷத்தில் கழற்றி, திருப்பி மாட்டினேன்.

“ஐயோ, தொடாதீங்கம்மா! எழுந்திருங்க!”

“அட்டையை மாத்துங்க, எழுந்திருக்கிறேன்.”

அவர் மேலிடத்துக்குப் போன் போட வெளியே ஓடினார். அந்த நேரம் பார்த்து ஒரு கணவனும் மனைவியும் உள்ளே வந்தார்கள். நான் சக்கரத்தின்மேல் கையை வைத்தபடி, பிளேடு பிடித்த நாட்களில் இருந்ததுபோல அசையாமல் இருந்தேன்.

“மெழுகு பொம்மைங்க! அப்படியே உயிரோட இருக்கிற மாதிரியே பண்ணியிருக்காங்க பாருங்க!” என்றாள் மனைவி.

“மூக்கைத்தான் கொஞ்சம் பெருசா வெச்சுட்டாங்க.”

பொறுத்துக்கொண்டேன்.

“யாரு இவங்க?” அவள் குனிந்து கயிற்றுக்கு அடியில் பெயர் அட்டையைத் தேடினாள். கணவர் நாற்காலியின் முதுகைச் சுற்றி வந்து பார்த்தார், மேஜை விளிம்பைப் பார்த்தார். பொறுப்பாளர் போனைக் காதில் வைத்தபடியே திரும்பி வந்தார்.

“சார், எல்லாத்துக்கும் எழுதியிருக்கீங்க. இந்தம்மா யாருன்னு எழுதாம விட்டுட்டீங்களே?” என்று கேட்டார் கணவர்.

பொறுப்பாளரின் போனுக்குள் யாரோ ஹலோ ஹலோ என்று கத்திக்கொண்டிருந்தார்கள். நாத்தனார் சுவர்ப்பக்கம் திரும்பி நின்றாள், தோள் இரண்டும் குலுங்கின. எனக்குக் கண் எரிந்து தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. நான் இமைக்கவில்லை.