பதினைந்து வருஷத் தேய்மானம்

ஆஸ்திரேலியாவின் குளிர்கால ஜூன் பிறந்துவிட்டால் மெர்ல் ஹாலிகனுக்கு வீட்டில் இருப்புக் கொள்ளாது. வேலையை விட்டு நாளாகிவிட்டது, முட்டிவலி வேறு உயிரை எடுக்கிறது. இருந்தாலும் மாதக் கடைசியில் ஒரு காலை நேரம், உறைபனி இன்னும் புல்லில் கரையாதபோதே, கம்பளிக் கோட்டை மாட்டிக்கொண்டு கூட்டமுண்ட்ரா ஊரின் ரயில் பாதையைத் தாண்டிக் கலர் சோடா போடும் குவில்ட்டி கலர் கம்பெனிக்குப் போய்விடுவாள். கொட்டகைக்குள் பாட்டில் கழுவும் மெஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருக்கும். அதன் தகரத்தில் ஒரு தட்டுத் தட்டி, "என்னடா, இருக்கியா?" என்பாள். புதிதாக வேலைக்கு வந்தவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும், அவர்களுக்கு என்ன தெரியும்!

அந்த மெஷின் வந்த கதை ஒரு வரிக் கதை. வரி என்றதும் கொட்டாவி விட வேண்டாம். எங்கள் ஊரில் கல்யாணம் முறிந்ததைவிட வரியில் ஏமாந்ததைத்தான் அதிக நாள் பேசுவார்கள்.

கணக்கு வருஷம் ஜூன் முப்பதோடு முடிகிறது அல்லவா, அந்த மாதம் முழுக்க ஊருக்கே ஒரு பித்துப் பிடிக்கும். கசாப்புக் கடைக்காரர் புது ட்ரக் வாங்குவார், மருந்துக் கடைக்காரர் குளிர்ப்பெட்டி வாங்குவார், எல்லாம் "வரிக்கு ஆச்சு" என்பார்கள். கம்பெனி நூறு டாலர் செலவழித்தால் முப்பது சில்லறை டாலர் வரி மிச்சம், உண்மைதான். மிச்சமுள்ள அறுபத்துச் சொச்சம் தன் பையிலிருந்துதான் போகிறது என்ற ஞாபகம் ஜூலையில்தான் வரும்.

கலர் கம்பெனியின் பழைய முதலாளி கிளாரி குவில்ட்டியும் அப்படித்தான் கையைச் சுட்டுக்கொண்டார். ஒரு ஜூனில், வரிக்கு ஆச்சு என்று, பிளாஸ்டிக் பாட்டில் ஊதும் பெரிய மெஷினைக் கடன் வாங்கி இறக்கினார். அந்தப் பாட்டில்களை எடுத்துக்கொள்வதாகச் சொன்ன பெரிய கடை அடுத்த வருஷமே கையை விரித்துவிட்டது. அதற்கப்புறம் நஷ்டம், மேலும் நஷ்டம். கடைசியில் பிளாஸ்டிக் மெஷின் பழைய இரும்புக்குப் போக, கம்பெனியை அடிமாட்டு விலைக்கு வாங்கிக்கொண்டார் சிட்னியிலிருந்து வந்த ஸ்டாவ் லாம்ப்ரோஸ் என்ற கிரேக்கர்.

மெர்ல் அப்போதே அங்கே மேஸ்திரி. பாட்டில் கழுவுவது, கலர் ஊற்றுவது, மூடி அடிப்பது, பெட்டி அடுக்குவது எல்லாம் அவள் கண்பார்வையில். வந்த முதல் நாள் ஸ்டாவ் எல்லாரையும் கூப்பிட்டு, "பயப்படாதீங்க. இங்க எதையும் நான் மாத்தப் போறதில்ல. அதே கண்ணாடி பாட்டில், அதே ஆறு கலர், அதே ட்ரக்," என்றார். மெர்லுக்குக் கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்துவிட்டது. தெய்வமே, இப்படியும் ஒரு மனுஷனா!

அந்தச் சந்தோஷத்துக்கு ஒரு வாரம்தான் ஆயுசு. ஊர் ஆடிட்டர் ஐவர் பாஸ்கோ, அவளோடு பள்ளிக்கூடத்தில் படித்தவன், கிளப்பில் இரண்டு கிளாஸ் உள்ளே போனதும் உடைத்துவிட்டான்.

"அந்த ஆள் கம்பெனியை வாங்கல, மெர்ல். நஷ்டத்தை வாங்கியிருக்கான்."

"நஷ்டத்தை யாராவது காசு கொடுத்து வாங்குவாங்களா? உளறாத."

"பழைய நஷ்டத்தை முன்னாடி இழுத்துக்கிட்டே வரலாம். இனிமே வர்ற லாபத்துல அதைக் கழிச்சுக்கலாம். கழிஞ்சு தீர்ற வரைக்கும் கம்பெனிக்கு வரி கிடையாது. ஆனா கை மாறின கம்பெனிக்கு ஒரு நிபந்தனை இருக்கு. பழைய வியாபாரத்தையே செய்யணும். புதுசா ஒண்ணு ஆரம்பிச்சா நஷ்டமும் போச்சு, சலுகையும் போச்சு."

ஓகோ, அதுதான் சங்கதியா! அழுத கண்ணீரைத் திருப்பி வாங்க முடியாதே என்று மெர்லுக்கு எரிச்சல் பொத்துக்கொண்டு வந்தது. அன்றிலிருந்து அவருக்கு அவள் வைத்த பேர் வரிப்பிசாசு. முகத்துக்கு நேராகவே சொல்வாள். அவரும் பல்லைக் காட்டிக்கொண்டு கேட்டுக்கொள்வார்.

ஸ்டாவின் ஆசையெல்லாம் தண்ணீர் மேல்தான். பிளாஸ்டிக் பாட்டிலில் ஊற்றுத் தண்ணீர் அடைத்து விற்க வேண்டும். "பச்சைத் தண்ணி, மெர்ல்! சக்கரை வேணாம், கலர் வேணாம், காலி பாட்டில் திரும்பி வர வேணாம். ஜனங்க வரிசையில நின்னு வாங்கறாங்க!" என்று குதிப்பார்.

"ஐவரைக் கேட்டீங்களா?" என்பாள் மெர்ல்.

அவ்வளவுதான், ஊசி குத்தின பலூன். தண்ணீர் புது வியாபாரம், நஷ்டம் தீரும்வரை தொட முடியாது. முணுமுணுத்துக்கொண்டே போய்விடுவார். அரசாங்கம் போட்ட ஒரு சட்டம் தன் கண்ணாடி பாட்டில்களுக்குக் காவல் நிற்கிறது என்று நினைக்கையில் மெர்லுக்குச் சிரிப்பாக வரும். ஆனால் சிரித்து முடிப்பதற்குள் ஒன்று உறைத்தது. லாபம் வரவர நஷ்டம் கரைகிறது. தான் ஓடி ஓடி உழைத்துக் கலர் விற்றால், காவல் அத்தனை சீக்கிரம் போய்விடும். அட கடவுளே, நன்றாக வேலை பார்ப்பதே வினையா?

அதற்காக வேலையில் மெத்தனம் காட்ட அவளால் முடியுமா? கிறிஸ்துமஸ் வெயிலில், வாசலில் காலிப் பெட்டியை வைத்துவிட்டு ட்ரக்கைப் பார்த்துக் காத்திருக்கும் வீடுகளுக்குக் கலர் இல்லை என்று சொல்ல முடியுமா? முடியாது. அதனால் அவள் வேறு வழி கண்டுபிடித்தாள். ஊரே வரியைக் குறைக்க ஜூனில் செலவு செய்தால், இவள் நஷ்டத்தை மிச்சம் பிடிக்க ஜூனில் செலவு வைத்தாள். செலவு கூடினால் லாபம் குறையும், லாபம் குறைந்தால் நஷ்டம் மெல்லக் கரையும். அதிலும் ரிப்பேர்ச் செலவுதான் உசத்தி என்று ஐவர் சொல்லித் தந்திருந்தான். ரிப்பேர் அந்த வருஷமே முழுசாகக் கழியும். புது மெஷின் வாங்கினால் தேய்மானம் என்று வருஷத்துக்குக் கொஞ்சமாகத்தான் கழிப்பார்கள்.

ஆக, ஒவ்வொரு ஜூனிலும் ஒரு குருக்ஷேத்திரம்.

"கூரை ஒழுகுது."

"போன வருஷந்தானே கூரை மாத்தினோம்?"

"அது கிழக்குப் பக்கம். இது மேற்கு."

"தாயே, என்னை விட்டுடு!"

விட மாட்டாள். கூரை வரும், ட்ரக்குக்குப் பெயிண்ட் வரும், உடைந்த மரப்பெட்டிகளுக்குப் புதுப் பலகை வரும். அந்த வருஷங்களை நினைத்தால் இப்போதும் மெர்லுக்கு நெஞ்சு நிறைந்துவிடும். நன்னாரி மாதிரி மணக்கும் சர்சப்பரில்லாக் கலர் காய்ச்சுகிற நாளில் தெருவே மூக்கை விடைத்துக்கொண்டு நிற்கும். மத்தியானம் சரக்கு ஏற்றும் மேடையில் கால்களைத் தொங்கப் போட்டுக்கொண்டு இருவரும் சாப்பிடுவார்கள். ஸ்டாவ் தன் பெண்டாட்டி கீரை அடைத்துச் சுட்ட பலகாரத்தில் பாதியை நீட்டுவார். இவள் முட்டை சாண்ட்விச்சைக் கொடுப்பாள். "இதுல உப்பு இருக்கா?" என்று தினமும் கேட்பார் பாவி மனுஷன். கேட்டுவிட்டு முழுசையும் தின்றுவிடுவார்.

அப்புறம் அந்த ஜூன் வந்தது. பழைய பாட்டில் கழுவும் மெஷின் இரும ஆரம்பித்திருந்தது. எவ்வளவு ஒட்டுப்போட்டாலும் எங்காவது ஒழுகியது. இனி தாங்காது என்று மெக்கானிக் கையைத் துடைத்துக்கொண்டு போய்விட்டான். மறுநாள் காலையில் மெர்ல் வந்து பார்த்தால், டை கட்டின இரண்டு பேர் டேப்பை நீட்டிக் கொட்டகையை அளந்துகொண்டிருந்தார்கள். அதுவும் சரியாக அந்த மெஷின் நிற்கிற இடத்தை. கையில் தண்ணீர் பாட்டில் படம் போட்ட விளம்பரத் தாள்.

"ஜூன் முடியறதுக்குள்ள ஆர்டர் போடுங்க சார். இந்த வருஷம் புது மெஷினுக்கு அரசாங்கம் கூடுதல் கழிவு தருது. உங்க வரியில பெரிய துண்டு மிச்சம்," என்றான் அதில் ஒருத்தன்.

ஸ்டாவ் தலையாட்டிக்கொண்டே நின்றார்.

அவர்கள் போனதும் மெர்ல் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு முன்னால் போய் நின்றாள். "ஏன் ஸ்டாவ், நாமதான் வரியே கட்டறதில்லையே. வரி கட்டாத கம்பெனிக்கு வரிக் கழிவு எதுக்கு?"

"அது... சும்மா. அவன் பேசினான், கேட்டுக்கிட்டேன்." அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார். திருட்டு முழி!

மெர்ல் ஏப்ரனைக்கூடக் கழற்றாமல் ஐவரின் ஆபீசுக்கு நடந்தாள்.

"சுத்தி வளைக்காம சொல்லு, ஐவர். நஷ்டம் தீர்ந்துபோச்சா? இந்த ஜூனோட எங்க கதை முடிஞ்சுதா?"

ஐவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். மறுபடியும் துடைத்தான். "அவரு சொல்லக் கூடாதுன்னாரு."

"நான் சொல்லச் சொல்றேன்."

"இந்த ஜூன் இல்ல, மெர்ல். தீர்ந்து நாலு வருஷமாச்சு."

"என்னது?"

"நாலு வருஷமா கம்பெனி எல்லாரையும் போலத்தான் வரி கட்டுது. அந்த மனுஷன் நாலு வருஷத்துக்கு முந்தியே உங்க பாட்டிலையெல்லாம் தூக்கிக் கடாசிட்டுத் தண்ணி அடைச்சிருக்கலாம். கேக்கறதுக்கு ஆளே கிடையாது."

மெர்ல் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தாள். நாலு வருஷம். மேற்குக் கூரை, ட்ரக் பெயிண்ட், போன ஜூனில் மூன்று நாள் பேசாமல் இருந்து வாங்கிய பெட்டிப் பலகை. எதைக் காப்பாற்ற இந்தச் சண்டையெல்லாம் போட்டாளோ, அது அப்போதே தீர்ந்து போயிருக்கிறது. அதைத் தெரிந்துகொண்டே அவர் ஒவ்வொரு தடவையும் தோற்றுப் போயிருக்கிறார். இவள் வாய் ஓயாமல் வரிப்பிசாசு வரிப்பிசாசு என்றிருக்கிறாள். வெட்கமாகவும் இருந்தது, அழுகையாகவும் வந்தது. ஐவர் முன்னால் அழுவதா என்று எழுந்து வந்துவிட்டாள்.

ஸ்டாவ் மேடையில் தனியாக உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் அந்த விளம்பரத் தாள், அது பறக்காமல் இருக்க மேலே ஒரு சர்சப்பரில்லா பாட்டில். அவள் முகத்தைப் பார்த்ததுமே புரிந்துகொண்டார்.

"ஐவர் ஒரு ஓட்டை வாயன்," என்றார்.

"ஏன் சொல்லல?"

"தீர்ந்த முதல் வருஷமே சொல்லலாம்னுதான் வந்தேன். நீ ஏணி மேல நின்னுக்கிட்டு, கூரை ஒழுகுதுன்னு கத்தின. இப்பப் போய் நஷ்டம் தீர்ந்துடுச்சுன்னு சொன்னா கீழ விழுந்துடுவியோன்னு சும்மா இருந்துட்டேன்." ரயில் பாதைப் பக்கம் திரும்பிக்கொண்டார். "அப்புறம் எனக்கே பழகிப்போச்சு, மெர்ல். ஜூன்ல நீ வந்து சண்டை போடலன்னா எனக்கு வருஷமே முடியாது."

"அப்ப இன்னிக்கு அளந்தது?"

"மெஷின் செத்துப்போச்சே. அதை மாத்தணும்னா பெரிய காசு. இல்ல, அந்தக் காசுல தண்ணி மெஷின். எனக்கும் அறுபத்தொண்ணு ஆச்சு. கண்ணாடி பாட்டில் வாங்கறவங்க இன்னும் எத்தனை வருஷத்துக்கு இருப்பாங்க? சத்தியமா தெரியல." தாளைத் தள்ளிவைத்தார். "சரி, ஜூன் வந்தாச்சு. இந்த வருஷம் என்ன ரிப்பேர் வெச்சிருக்க, சொல்லு."

மெர்லிடம் ஒரு ரிப்பேர் தயாராகத்தான் இருந்தது, மேடைப் படிக்கட்டு. அதை அவள் எடுக்கவில்லை.

"ரிப்பேர் வேணாம். புது கழுவற மெஷின். கண்ணாடிக்கு."

"புதுசா? நீயா கேக்கற? எத்தனை வருஷத் தேய்மானம் அதுக்கு?"

"பதினஞ்சு."

ஸ்டாவ் வாயைத் திறந்தபடி அவளைப் பார்த்தார். இத்தனை வருஷமும் அவள் கேட்டதெல்லாம் அந்தந்த ஜூனோடு கழிந்து போகிற சமாசாரம். அடுத்த ஜூன் இருக்குமா என்று தெரியாதவள் கேட்கிற செலவு. இது அப்படியில்லை. பதினைந்து வருஷம் வருஷாவருஷம் கழித்துக்கொண்டே வர வேண்டுமென்றால் பதினைந்து வருஷம் கம்பெனி இருந்தாக வேண்டும்.

"பதினஞ்சு வருஷம்னா எனக்கு எழுபத்தாறு, மெர்ல்."

"இருந்துட்டுப் போங்க. இப்ப என்ன அவசரம் உங்களுக்கு?"

அவர் சிரித்த சிரிப்பில் சர்சப்பரில்லா மூக்கில் ஏறிவிட்டது. இருமி, கண்ணைத் துடைத்து, மறுபடி சிரித்தார். முப்பதாம் தேதிக்கு முன்னாலேயே ஆர்டரில் கையெழுத்துப் போட்டார். தண்ணீர்க்காரர்கள் இரண்டு தடவை போன் செய்துவிட்டு ஓய்ந்தார்கள். கூடுதல் கழிவும் கிடைத்தது, ஆனால் அதற்காகத்தான் வாங்கினோம் என்று இருவரில் ஒருவரும் ஒருநாளும் சொன்னதில்லை.

ஸ்டாவ் எழுபத்தாறு வரை இருக்கவில்லை. பதினொன்றாவது வருஷம், ஒரு பிப்ரவரி வெயிலில், ட்ரக்கில் பெட்டி ஏற்றிக்கொண்டிருக்கும்போதே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. எத்தனை சொல்லியும் கேட்காமல் தானே பெட்டி தூக்குவார், பாழாய்ப்போன மனுஷன். இப்போது கம்பெனி அவர் மகள் டெஸ்பினாவின் கையில் இருக்கிறது.

அவர் இறந்த வருஷத்து ஜூனிலும் மெர்ல் போனாள். மெஷினைத் தட்டி, இருக்கியா என்று கேட்டுவிட்டு, மேடையில் போய்க் காலைத் தொங்கப் போட்டு உட்கார்ந்தாள். பக்கத்து இடம் காலியாக இருந்தது. அதைப் பார்க்கப் பார்க்க அவளுக்கு அழுகை வந்தது, இந்தத் தடவை அதை அடக்கவில்லை. டெஸ்பினா வந்து அந்த இடத்தில் உட்கார்ந்து, காகிதப் பொட்டலத்தைப் பிரித்துக் கீரைப் பலகாரத்தில் பாதியை நீட்டினாள்.

"அப்பா சொல்லியிருக்காரு. ஜூன் வந்தா உங்களைத்தான் கேக்கணுமாம்," என்றாள். "இந்த வருஷம் என்ன செலவு?"

மெர்ல் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "முதல்ல நீ சொல்லு. அந்த மெஷினுக்குக் கணக்குல இன்னும் எவ்வளவு பாக்கி?"

"நாலு வருஷம்."

"அப்ப படிக்கட்டைச் சரி பண்ணு," என்றாள் மெர்ல். "என் முட்டியோட இன்னும் நாலு வருஷம் நான் ஏறி வரணும்."