கூப்பிட வேண்டியவர்

கல்யாணத்தில் ஒரு சடங்கும் வேண்டாம், கையெழுத்துப் போட்டால் போதும் என்று சொன்னவன் நான். என் பேச்சை யார் கேட்டார்கள்? சரி என்று தலையாட்டித் தொலைத்தேன். ஆனால் பரதேசிக் கோலத்தை மட்டும் நானே கேட்டு வாங்கினேன். மாப்பிள்ளை குடும்ப வாழ்க்கையே வேண்டாமென்று குடையும் கைத்தடியுமாகத் துறவறம் கிளம்புவான். பெண்ணின் அப்பா வழிமறித்து, என் மகளை மனசாரத் தருகிறேன், திரும்பி வாருங்கள் என்று அழைப்பார். அவர் வாயால் அழைக்க வேண்டும். எனக்கு அது ஒன்று போதும்.

போயும் போயும் லிஃப்ட் மெக்கானிக்குக்குப் பெண் கொடுப்பதா என்று பேராசிரியரான என் மாமனார் எட்டு மாதமாக என்னோடு ஒரு வார்த்தை பேசவில்லை. நான் வீட்டுக்குப் போனால் செய்தித்தாளுக்குள் புகுந்துகொள்வார்.

மண்டப வாசலிலிருந்து பத்தடி நடந்தால் போதும் என்றார் புரோகிதர். நடந்தேன். யாரும் வரவில்லை. கார் நிறுத்துமிடத்தையும் தாண்டினேன். வீடியோக்காரர் எனக்கு முன்னால் பின்னோக்கி நடந்தபடி, "கொஞ்சம் சிரிச்ச முகமா போங்க சார்" என்றார். சன்னியாசம் போகிறவனுக்கு என்ன சிரிப்பு வேண்டிக்கிடக்கிறது?

மருந்துக்கடை அருகே மைத்துனன் ஓடிவந்து கையைப் பிடித்தான். "வாங்க மச்சான், யார் கூப்பிட்டா என்ன?"

"உங்கப்பா எங்க?"

"மனசாரத் தர்றேன்னு சொல்லணுமாமே. பொய் சொல்ல வராதுங்கறாரு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அப்ப நான் இப்படியே போறேன்."

போனேன். சிக்னலில் சிவப்பு விழுந்ததால் நின்றேன். பேருந்தில் இருந்தவர்களெல்லாம் எட்டிப் பார்த்தார்கள். மானம் போயிற்று. அவளை விட்டுவிட்டு எங்கே போகிறோம் என்று அப்போதுதான் உறைத்தது. ஆனாலும் திரும்ப மனசு வரவில்லை.

பின்னால் யாருக்கோ மூச்சிரைத்தது. பார்த்தால் மாமனார். காலில் செருப்புகூட இல்லை.

"மனசாரன்னெல்லாம் சொல்ல மாட்டேன்" என்றார். "எனக்கு இன்னும் ஆறல. ஆனா, நீங்க கூப்பிடலேன்னா நானும் அவர் பின்னாடியே போறேன்னு என் பொண்ணு வாசல்ல வந்து நிக்கறா. நடுரோட்டுல என்ன வீம்பு இது? வந்து தொலைங்க, மாப்பிள்ளை!"

எட்டு மாதம் காத்திருந்து கிடைத்தது திட்டுதான். ஆனால் அதன் கடைசி வார்த்தை 'மாப்பிள்ளை'. குடையை அவர் தலைக்கு மேலும் பிடித்தபடி மண்டபத்தைப் பார்த்துத் திரும்பி நடந்தேன்.