நாலு ஜன்னல் வைத்த மேனேஜர்

தலையணைக் கம்பெனி மேனேஜருக்கு முதலாளியம்மா காலையிலேயே போனில் கெடு வைத்துவிட்டார்.

"ஆஸ்பத்திரி ஆர்டர் இன்னிக்குச் சாயங்காலம் லாரி ஏறணும். ஏறலேன்னா நாளைக்கு நீங்க வரவேண்டாம். எங்கே தாமதம்னு எல்லாப் பக்கத்திலிருந்தும் பாருங்கன்னா கேட்டாத்தானே!"

எல்லாப் பக்கமும் எப்படிப் பார்ப்பது? கூடத்துக்கு நட்டநடுவே பலகையால் அடைத்த அறை அவருடையது. கதவு உண்டு, ஜன்னல் கிடையாது. தச்சு வேலை செய்யும் மச்சினனைக் கூப்பிட்டார்.

"ஜன்னல் வச்சா மூளை வளருமா மாமா?"

"வாயை மூடிட்டு அறு."

கிழக்கே அறுத்தான். தைக்கிற பெண்கள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

"பார்த்தியா, சோம்பேறிக் கூட்டம்!"

"தச்சது மலையாக் கிடக்கு சார், எடுக்க நாதியில்லை" என்றார் தையல் அக்கா.

மேற்கே அறுத்தான். மூட்டை கட்டுகிறவர்கள் தரையில் நீட்டி நிமிர்ந்து படுத்திருந்தார்கள்.

"அப்போ கோளாறு இங்கேதான்!"

"தலைக்கு வச்சுக்கக்கூட ஒரு தலையணை வந்து சேரலை சார். எதைக் கட்டறது?"

வடக்கிலும் தெற்கிலும் அறுத்தான். இப்போது எந்த ஜன்னலில் பார்த்தாலும் ஒரு தள்ளுவண்டி போயிற்று. மேனேஜருக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. போனை எடுத்தார்.

"அம்மா, நாலு வண்டி ஓயாம ஓடுது!"

"நாம வாங்கினது ஒண்ணுதானேய்யா?"

"என் கண்ணால பார்த்தேம்மா. தள்றவங்க நாலு பேரும் கூடப்பிறந்தவங்க போல. ஒரே மீசை, ஒரே கிழிஞ்ச சட்டை."

"சாயங்காலம் நானே வரேன்" என்று முதலாளியம்மா போனை வைத்துவிட்டார்.

"மூலைதான் மறைக்குது. அதையும் எடுடா" என்றார் மேனேஜர்.

மச்சினன் எடுத்தான். கதவைத் தவிர ஒன்றும் மிச்சமில்லை. வண்டி ஒன்று, ஆளும் ஒருவர். அறை இருந்த இடத்தைச் சுற்றிச் செக்குமாடு மாதிரி வந்துகொண்டிருந்தார். கூடத்துச் சுவரோரச் சந்தில் இடித்து, பாதித் தலையணை கீழே விழுந்து, பொறுக்கி, தூசு தட்டி, மறுபடியும் தள்ளினார்.

மேனேஜர் கிழக்கே பார்த்தார், மலை. மேற்கே பார்த்தார், படுக்கை. நடுவே தன் மேசை. எழுந்து, தானே அதை இழுத்துப் போட்டார்.

"நேராப் போய்யா!"

"மேனேஜர் ரூமுக்குள்ள கேட்காம எப்படி சார் நுழையறது?"

வண்டிக்காரர் ஒற்றையாய் நின்ற கதவைத் தட்டினார்.

"வா."

ஒவ்வொரு நடைக்கும் தட்டினார். ஒவ்வொரு நடைக்கும் "வா".

முதலாளியம்மா வந்தபோது லாரி நிரம்பிக்கொண்டிருந்தது. தன்னந்தனியாக நாற்காலியில் உட்கார்ந்திருந்த மேனேஜரை ஏற இறங்கப் பார்த்தார்.

"குத்தம் யார்மேலன்னு தெரிஞ்சுதா?"

"தெரிஞ்சு, பிரிச்சும் போட்டாச்சும்மா."

கதவு தட்டும் சத்தம். மேனேஜர் காலைத் தூக்கிக்கொண்டார். வண்டி உரசிக்கொண்டு போயிற்று.

"சரி, நாளைக்கும் வாங்க" என்றார் முதலாளியம்மா. "நாற்காலியை மட்டும் கொஞ்சம் ஓரமாப் போட்டுக்குங்க."