பேரிக்காய்ப் பெட்டியில் நான்கு சுருள்

என் வாய் சும்மா இருந்திருந்தால் ஐகில் இன்றைக்கு உயிரோடு இருந்திருப்பான். சுற்றி வளைத்துச் சொல்ல எனக்குத் தெம்பில்லை.

1944 அக்டோபர். எங்கள் நாடு ஜெர்மானியர் பிடியில் இருந்தது. அந்தக் கோடையில் கோபன்ஹேகன் முழுக்க வேலைநிறுத்தம் நடந்தபோது ஜன்னல் திரைக்குப் பின்னால் நின்று நான்கு சுருள் படம் எடுத்திருந்தேன். ஜனங்கள் தெருவை மறித்துப் போட்ட தடுப்புகள், அவற்றை நோக்கி வந்த ஜெர்மன் பீரங்கி வண்டி, எல்லாம் அதில் இருந்தன. அது ஸ்வீடன் போய்ச் சேர்ந்தால்தான் இங்கே நடந்தது வெளியே தெரியும். பிடிபட்டால் படம் நெருப்புக்கு, நான் தோட்டாவுக்கு.

சுருள்களை ஒரு பெட்டியில் பேரிக்காய்க்கு அடியில் வைத்துக்கொண்டு, அக்கரையில் ஸ்வீடன் தெரியும் ஹெல்சிங்கோர் ரயிலடியில் இறங்கினேன். அங்கே சுமை தூக்கும் ஐகில் பெட்டியைத் தள்ளுவண்டியில் படகுத்துறைக்குக் கொண்டுபோக வேண்டும். முன்பின் தெரியாதவர்கள் மாதிரி இருக்க வேண்டும் என்பது பேச்சு.

நடைமேடையில் கறுப்புச் சீருடைக்காரன் ஒருவன் நின்றான். ஜெர்மானியருக்குக் கூலிக்கு மாரடிக்கும் எங்கள் ஊர்க்காரன். அவனைப் பார்க்காத மாதிரி பெட்டியை நீட்டினேன். ஐகில் பெட்டியை வாங்கி வண்டியில் வைத்தான்.

"போன தடவைக்கு நன்றிங்க" என்றேன்.

ஐயோ! ஒருவரோடு உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு மறுபடி பார்த்தால் எங்கள் ஆட்களுக்கு முதலில் வாயில் வருவது இதுதான். முந்தின வாரம் ஐகிலின் அம்மா வைத்த சூப்பைக் குடித்துக்கொண்டுதான் திட்டம் போட்டோம். ஜெர்மானியன் என்றால் கவனித்திருக்க மாட்டான். இவன் இங்கேயே பிறந்தவன்.

"அட, தெரிஞ்சவங்களா? எந்த விருந்துல பாத்தீங்க?"

"இந்தம்மா யாருன்னே தெரியாதுங்க. ஆள் மாறிப் பேசுது" என்றான் ஐகில்.

"உன்னைக் கேக்கல. ஏய், நீ சொல்லு."

"தங்கச்சி கல்யாணத்துல பாத்த மாதிரி..." என்று இழுத்தேன்.

"மாதிரியா? பெட்டில என்ன?"

"பேரிக்காய்."

அவன் ஒன்றை எடுத்துக் கடித்தான். மென்றுகொண்டே மறு கையைக் காய்களுக்கு நடுவே விட்டான்.

ஐகில் அவன் தொப்பியை ஓங்கித் தட்டிவிட்டான். "எச்சில் பொறுக்கி நாயே! தைரியம் இருந்தா வாடா!" என்று கத்திக்கொண்டே தண்டவாளத்தில் குதித்து ஓடினான். கறுப்புச் சீருடை பின்னாலேயே பாய்ந்தது. துப்பாக்கி மூன்று முறை வெடித்தது. எல்லோரும் அந்தப் பக்கம் பார்த்தார்கள். நான் வண்டியைத் தள்ளிக்கொண்டு வெளியேறினேன். தைரியம் ஒன்றும் இல்லை, வெறும் பயம். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

பெட்டி படகேறியது. நாடு விடுதலையான பிறகு படம் திரும்பி வந்தது. முதல் காட்சியில் ஐகிலின் அம்மா என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"என் புள்ள எதுலயுமே வரலையே, ராக்னில்ட்?"

"இல்லம்மா."

"அன்னைக்கு எப்படி மாட்டினான்னு உனக்காவது தெரியுமா?"

"தெரியாதும்மா."

ஒவ்வொரு மே மாதமும் அந்தப் படத்தைப் போடுகிறார்கள். அவள் எனக்கு இடம் பிடித்து வைக்கிறாள். மறுபடியும் கேட்டுவிடுவாளோ என்று, விளக்கு எரியும்வரை எனக்குக் கை நடுங்குகிறது. குளிருகிறது போல என்று அவள் அதைப் பிடித்துத் தேய்த்துவிடுகிறாள்.