பெஞ்சில் இருந்தவளுக்கு ஒரு பல் மருத்துவ இடம்

1

ஒப்புக்கொண்டுவிடுகிறேன்: இந்தக் கதையைக் கிண்டலாக எழுதத்தான் உட்கார்ந்தேன். நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தராக இருக்கும் என் மைத்துனர் சொன்ன வழக்கு இது. விளையாட்டில் கெட்டிக்காரர்களுக்கு மார்க்கைத் தளர்த்திப் பல் மருத்துவக் கல்லூரியில் ஓர் இடம். அது செல்லாது என்று வழக்கு. ‘பந்து அடிக்கிறவள் பல்லையும் அடித்துத்தான் எடுப்பாளோ?’ என்று முதல் வரி எழுதி, நானே சிரித்தும்கொண்டேன்.

அந்த வரியை அடித்துவிட்டேன். [அடிக்கவில்லை, மேலேயே இருக்கிறது. நான் வெட்கப்படுவதற்காக விட்டுவைத்திருக்கிறேன்.]

2

இரண்டாவது தொடக்கம். அந்த இடம் கிடைத்தவளை வாலிபால் அணியில் நெட்டை என்பார்கள். வயது பதினெட்டு. சிறுமியாக இருந்தபோது பந்து பட்டு முன்பல் உடைய, ஒரு பல் மருத்துவர் அன்போடு—

வேண்டாம். இது கதைக்காரன் புளுகு. ஏன் இந்தப் படிப்பு என்று நீதிபதி கேட்டபோது அவள் சொன்னது வேறு: “இந்த முட்டி இன்னும் எத்தனை வருஷம் தாங்கும்ங்க ஐயா? அதுக்கப்புறமும் என் கை சும்மா இருக்காதுங்களே.” இதைவிட நன்றாக எனக்கு எழுத வராது.

3

விதி இதுதான்: தேசிய அளவில் இரண்டு போட்டிகளில் ‘ஆடியவருக்கு’ குறைந்தபட்ச மார்க் தேவையில்லை. அந்த ஒரே இடம் நெட்டைக்குக் கிடைத்தது. வழக்குப் போட்டவளும் பதினெட்டு வயதுக்காரிதான். நாற்பது மார்க் அதிகம். நெட்டைக்கு இல்லையென்றால் இடம் அவளுக்கு. [இவளை வில்லியாக்க மூன்று பத்தி முயன்றேன். படித்து வாங்கிய மார்க்குக்கு இடம் கேட்பது என்ன குற்றம்? மூன்றையும் கிழித்தேன்.]

4

நெட்டை கடைசி வரிசையில் சித்தப்பாவின் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். முழங்கால் முன்வரிசையில் இடித்துக்கொண்டே இருந்தது. வாதம் பாதி புரியவில்லை. ஆனால் நீதிபதி, “ரெண்டு போட்டியிலயும் ஆடியிருக்காங்களா?” என்று கேட்டது நன்றாகவே புரிந்தது.

கல்லூரி வக்கீல் சான்றிதழ்களை நீட்டினார். “ஆமாங்க ஐயா.”

எதிர்த்தரப்பு மறுக்கவில்லை. அவர்களுக்குத் தெரியாது. வழக்கு ஏறக்குறைய நெட்டையின் பக்கம் வந்துவிட்டது.

நெட்டையின் கை தானாக மேலே போனது.

[இங்கே கொஞ்சம் விளக்க வேண்டும். வெளியே போகிற பந்து விரல்நுனியில் உரசிப்போனால் புள்ளி எதிரணிக்கு. நடுவர் சில சமயம் கவனிக்க மாட்டார். பட்டவள் தானே கையைத் தூக்கிவிட வேண்டும் என்பது அவள் அணியின் வழக்கம். ஏழு வருடமாகத் தூக்கிய கை, இடம் பார்க்கவில்லை.]

“என்னம்மா?”

“ரெண்டாவது போட்டியில நான் ஆடலைங்க ஐயா. டீம்ல பேர் இருந்துச்சு. கணுக்கால் சுளுக்கிக்கிச்சு. ஆறு நாளும் பெஞ்சுலதான் உக்காந்திருந்தேன்.”

கல்லூரி வக்கீல் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

“முப்பது வருஷமா எழுதுறேன் மச்சான், என் கை அன்னைக்குத்தான் நின்னுச்சு” என்றார் மைத்துனர்.

வெளியே வந்ததும் சித்தப்பா பொரிந்து தள்ளினார். “கேக்காத கேள்விக்கு எதுக்குடி வாயத் தொறந்த?”

“ஆடாதத ஆடுனேன்னு எப்படி சித்தப்பா சொல்றது?”

“நீ எங்கடி சொன்ன? வக்கீல்தானே சொன்னாரு!”

5

பெஞ்சில் இருந்தவள் ‘ஆடியவள்’ ஆவாளா? இரண்டு நாள் வாதம் நடந்தது. நானும் இரண்டு முடிவு எழுதிப் பார்த்தேன்.

முடிவு ஒன்று: இடம் நெட்டைக்கே. எனக்கு ஆசைதான். கிண்டல் செய்ய வந்தவன் இப்போது அவளைக் கையெடுத்துக் கும்பிடுகிறேன். ஆனால் ஆடவில்லை என்று சொன்னவளே அவள்தானே.

முடிவு இரண்டு: இடம் மற்றவளுக்கு. எழுதத் தொடங்கும்போதே—

அதற்குள் தாழ்வாரத்தில் வழக்குப் போட்டவள் நெட்டையிடம் வந்துவிட்டாள். நான் அழைக்கவில்லை.

“நான் கேஸ வாபஸ் வாங்குவேன்னு நெனைக்காத. மாட்டேன்.”

“வாங்காத. உன் இடத்துல நான் இருந்தாலும் வாங்க மாட்டேன்.”

இருவரும் சிரிக்கவில்லை. இருவருக்கும் அந்த இடம் வேண்டும்.

6

தீர்ப்பு வந்துவிட்டது. சொல்ல வாயெடுத்த மைத்துனரை நான்தான் தடுத்தேன். கடைசி வரி இப்போது இப்படி நிற்கிறது:

‘ஆகவே, அந்த இடம் ............ உரியது.’

நீங்களே நிரப்புங்கள். ஒன்று மட்டும் சொல்கிறேன்: எழுதி முடிக்கும்வரை தாழ்வாரத்தில் நிற்கும் அந்த இரண்டு முகங்களையும் பார்த்துவிடாதீர்கள். நான் பார்த்துவிட்டேன்.