படத்தில் இல்லாத பொலிஸ்காரர்

கைபேசியில் பதிவான தன் முகத்தை எக்கார்ட் லூடர்ஸ் மறுபடியும் ஓட்டிப் பார்த்தார். வசனத்தில் பிழையில்லை, குரலும் தழுதழுத்தது. கண்கள் மட்டும் பனிக்கட்டி மேல் கிடக்கும் மீனின் கண்களாக இருந்தன. ஏன் என்றுதான் தெரியவில்லை.

லென்ஸையே பார்த்துச் சொன்னார். செய்தி வாசிப்பவர் போலிருந்தது. புத்தகத் தட்டில் ஒரு குறி ஒட்டி அதைப் பார்த்துச் சொன்னார், பார்வையில்லாதவர் போலிருந்தது. இறந்த மனைவியின் படத்தை வைத்தும் பார்த்தார். அவள் சிரித்துக்கொண்டே இருந்தாள்.

நடிப்புத் தேர்வுக்கான இந்தப் பதிவை மாலைக்குள் அனுப்பியாக வேண்டும். பல வருடங்களாக யாரும் அவரை நடிக்கக் கூப்பிடவில்லை. இப்போது ஒரு தொலைக்காட்சித் தொடருக்குக் கிழவர் தேவை. வாசலில் பொலிஸ்காரர் வந்து மகன் இறந்ததைச் சொல்ல, கேட்டு நிற்கும் தகப்பன். லூடர்ஸ் கறுப்பு வெள்ளைக் காலத்திலிருந்து நடித்தவர்தான். ஆனால் எல்லாத் தொடரிலும் வாசல் மணியடித்து மரணச் செய்தி சொல்லும் பொலிஸ்காரர் அவரே. ஜெர்மனியின் ஹனோவரில் பேக்கரிக்குப் பாண் வாங்கப் போனால் இன்றும் யாராவது, "உங்களை எங்கேயோ கண்டிருக்கிறேனே" என்பார்கள். பெயர் ஒருவருக்கும் வராது.

கதவு தட்டப்பட்டது. கீழ்வீட்டுப் புவனேந்திரன், ட்ராம் ஓட்டுநர், ஒரு பொதியோடு நின்றார்.

"உங்கட பொதி, ஹெர் லூடர்ஸ். எங்கட வீட்டில குடுத்திட்டுப் போயிட்டாங்கள். ஆரோடையோ கதைச்சுக் கேட்டுதே, விருந்தாளியோ?"

"சுவரோடுதான்" என்ற லூடர்ஸ், தன்னைப் பார்த்து நின்ற அந்த முகத்தையே பார்த்தார்.

நெருக்கக் காட்சி எடுக்கும் விதம் இதுதான்: முதலில் இருவரையும் சேர்த்து எடுப்பார்கள். பிறகு கமரா ஒருவர் முகத்துக்குப் போகும். மற்றவர் படத்தில் வரமாட்டார். ஆனாலும் கன்னம் லென்ஸில் உரசும் அளவுக்கு நின்று தன் வசனத்தைச் சொல்வார். பெரிய நடிகர்கள் அழுதபோதெல்லாம் அப்படி நின்றவர் லூடர்ஸ். அவருடைய முறை வரும்போது அவர்கள் காரில் ஏறிப் போயிருப்பார்கள். அந்த நிற்றலை அவர் நடிப்பென்று நினைத்ததேயில்லை.

"கொஞ்ச நேரம் இருப்பீர்களா?"

கைபேசியை ஒட்டி நாற்காலி போட்டார். புவனேந்திரன் அதில் இருந்து, பொலிஸ்காரரின் வசனம் எழுதிய தாளைப் பார்த்து வாசித்தார்: "உங்கட மகன் உயிரோட இல்லை, ஐயா."

பிறகு கேட்டார்: "கொஞ்சம் அழுது சொல்லவோ?"

"வேண்டவே வேண்டாம். அழுகிற வேலை என்னுடையது."

"அப்ப சரி. எனக்கு ட்ராமில அறிவிச்ச பழக்கம். அடுத்த தரிப்பிடத்தையும் சேர்த்துச் சொல்லிப்போடுவன் எண்டுதான் பயம்."

இரண்டாம் முறை புவனேந்திரன் தாளைக் கீழே வைத்துவிட்டு, லூடர்ஸின் கண்களைப் பார்த்துச் சொன்னார். சொல்லி முடித்தும் பார்வையை எடுக்கவில்லை.

பதிவை இருவரும் பார்த்தார்கள். கிழவரின் கண்கள் எதிரே இருப்பவரின் முகத்தில் எதையோ தேடின, கிடைக்காமல் நின்றன.

"இதில நான் எங்க?" என்றார் புவனேந்திரன்.

"நீங்கள் வரமாட்டீர்கள்."

"நல்ல உத்தியோகம். வீட்டில மனிசி பவளம் சாப்பாட்டோட காத்துக்கொண்டிருப்பா. வாறன்."

கதவு மூடியது. லூடர்ஸ் பதிவை அனுப்பினார். வீடு பழையபடி அமைதியாயிற்று. இனி எப்போதாவது கூப்பிட்டால் என்ன செய்ய வேண்டும் என்று அவருக்குத் தெரியும்: எதிரே ஓர் ஆள் இருக்க வேண்டும், கமராவை ஒட்டி, கண் மட்டத்தில், படத்துக்கு வெளியே.